நன்றி சொன்னவள்

வாழ்வுக்கு நன்றி சொல்லிப் பாட்டுக் கட்டியவள், அந்த வாழ்வைத் தன் கையாலேயே முடித்துக்கொண்டால் அந்தப் பாட்டுப் பொய்யாகிவிடுமா?

சிலி தேசத்து வியலெத்தா பார்ராவைப் பற்றிப் பேச்சு வந்தால் இந்தக் கேள்வியும் வந்துவிடுகிறது. நியாயமான கேள்விதான். சொல்லும் செயலும் ஒன்றாயிருக்க வேண்டும் என்று எண்ணுகிறவர்கள் வேறு எப்படிக் கேட்பார்கள்?

1917-ல் பிறந்தவள் அவள். தகப்பனார் பள்ளிக்கூட வாத்தியார்; தாய் தையல் வேலை செய்தவள். சாந்தியாகோ நகரத்து மதுக்கடைகளில் பாடிப் பிழைத்த அவள், 1950-களில் கிதாரைத் தூக்கிக்கொண்டு கிராமம் கிராமமாக அலைந்தாள். பட்டணத்து மேடைகளில் அன்று நாட்டுப்பாட்டு என்று நடந்தது, பண்ணைக்காரர் உடுப்பில் வந்து நின்றவர்களின் மெருகிட்ட கானம். அவளோ கிழவர்களும் கிழவிகளும் நினைவில் காத்துவைத்த பாட்டுக்களைத் தேடிச் சேர்த்தாள். அதே மண்ணில் நின்று தானும் பாட்டுக் கட்டினாள்.

1964-ல் பாரிஸ் லூவர் மாளிகையில் அவளுடைய துணிச் சித்திரங்கள் காட்சிக்கு வந்தன. அடுத்த வருஷம் சாந்தியாகோவின் எல்லையில் ஒரு கூடாரம் அடித்து, மக்கள் கலைக்கு அதை வீடாக்க நினைத்தாள். வந்தவர்கள் சிலரே. 1966-ல் அந்த நன்றிப் பாட்டு இசைத்தட்டாக வந்தது. 1967 பிப்ரவரியில் அதே கூடாரத்தில் அவள் கதை முடிந்தது. வயது 49.

ஒரு சாவுக்கு ஒரே காரணம் சொல்லிவிடத் துணிவது அறியாமை. நான் அதைச் செய்ய மாட்டேன். ஆனால் ஒன்று சொல்வேன்: நன்றி என்பது பெற்றுக்கொண்டதை ஒப்புக்கொள்வது, இனியும் தாங்குவேன் என்று எழுதிக்கொடுக்கும் பத்திரம் அல்ல. கண்ணும் காதும் சிரிப்பும் அழுகையும் தனக்குக் கிடைத்தன என்று அவள் சொன்னாள். அது மெய். அவை போதாமல் போன நாளும் மெய். ஒரு மெய் இன்னொன்றைப் பொய்யாக்குவதில்லை.

அந்தப் பாட்டை 1971-ல் அர்ஜென்டினாவின் மெர்ஸெடெஸ் ஸோஸா பாடினாள். அது எல்லை கடந்தது. 1973-ல் ராணுவம் ஆட்சியைப் பிடித்தபின் நாட்டை விட்டு ஓடியவர்களுக்கு, வியலெத்தாவின் பாட்டுக்களே ஊராயின. இன்று அவள் பிறந்த அக்டோபர் 4-ஆம் தேதி சிலியின் இசை நாள்.

ஆகவே கேள்வியைச் சற்றுத் திருப்பிக் கேட்கத் தோன்றுகிறது. அவள் சொன்ன நன்றி மெய்தானா என்று சோதிக்கிறோமே, அவளுக்கு நாம் சொல்லும் நன்றி எப்படிப்பட்டது? இறந்தவளுக்குத் திருநாள் எடுப்பது சுலபம். உயிரோடு பாடுகிறவளின் கூடாரத்தில் போய் உட்கார்ந்து கேட்பதற்குத்தான் மனம் வேண்டும்.