நெருப்பைப் பாகம் பிரிக்க முடியாது

1999 செப்டம்பர் 1. அமெரிக்காவின் டெக்சஸ் மாநிலத்தில் லாக்ஹார்ட் என்றொரு சிற்றூர். அங்கே நூறாண்டை நெருங்கிக்கொண்டிருந்த ‘க்ரூஸ் மார்க்கெட்’ என்ற பார்பெக்யூ கடையின் அடுப்பிலிருந்து, கனன்றுகொண்டிருந்த கரியை அள்ளி ஒரு தகரத் தொட்டியில் போட்டார்கள். தொலைக்காட்சிக் கேமராக்கள் பார்த்துக்கொண்டிருக்க, தொட்டியைத் தெருவோடு இழுத்துப் போனார்கள். கொஞ்ச தூரத்தில் புதிதாகக் கட்டிய கடையின் அடுப்பில் அந்தக் கங்குகளைக் கொட்டினார்கள்.

கடையை நடத்திவந்தவர் ரிக் ஷ்மிட். பழைய கட்டடத்தின் உரிமையாளரோடு குத்தகை விஷயத்தில் ஒத்துவரவில்லை, இடத்தைக் காலி செய்தார். அந்த உரிமையாளர் வேறு யாருமல்ல, கூடப் பிறந்த சகோதரி நினா.

பங்குச் சண்டையில் சிக்கி ராத்திரி தூக்கம் கெட்டுப் புரண்டுகொண்டிருக்கிறாயே, உன்னிடம்தான் இதைச் சொல்கிறேன். அப்பா தொடங்கிய கடையில் உனக்கு இடமில்லை என்று ஒருவர் சொல்லிவிட்டார். அதைக் கேட்ட நொடியில் நீயே உன்னை ஒன்றுமில்லாதவனாக எண்ணிக்கொண்டாய். எழுந்து உட்கார். இந்தக் கதையை முழுசாகக் கேள்.

க்ரூஸ் மார்க்கெட் 1900-இல் தொடங்கியது. ஜெர்மனியிலிருந்து குடியேறிய குடும்பங்கள் மத்திய டெக்சஸில் நடத்திய இறைச்சிக் கடைகளில் அதுவும் ஒன்று. விற்காமல் மிஞ்சிய கறியைப் புகையில் வாட்டி விற்பார்கள். அந்தப் பழக்கம்தான் பின்னால் பெரிய தொழிலாக வளர்ந்தது. போஸ்ட் ஓக் விறகுப் புகையில் வெந்த மாட்டு நெஞ்சுக்கறியைத் தட்டில் வைக்க மாட்டார்கள், பழுப்புத் தாளில் மடித்துக் கொடுப்பார்கள். அந்தக் காலத்தில் முள்கரண்டி கிடையாது, சாஸ் கிடையாது. வெட்டித் தின்னக் கத்தி உண்டு, அதையும் மேசையோடு சங்கிலி போட்டுக் கட்டியிருந்தார்கள். எங்கள் கறி நன்றாக வெந்திருக்கிறது, அதற்கு மேலே ஊற்ற எதுவும் வேண்டாம் என்று அந்தக் கடைக்காரர்கள் வாடிக்கையாளர் முகத்துக்கு நேரே சொன்ன தைரியம் அது. சரக்கின் மேல் அப்படியொரு நம்பிக்கை உனக்கு இருக்கிறதா? முதலில் அதற்குப் பதில் சொல்.

அந்தக் கடையில் வேலைக்குச் சேர்ந்தவர் எட்கர் ஷ்மிட். ஊர் அவரை ‘ஸ்மிட்டி’ என்றே கூப்பிட்டது. 1948-இல் கடையையே வாங்கிவிட்டார். வாடகை வீட்டில் இருந்துகொண்டு முதலாளியின் கல்லாவைப் பார்த்துப் பெருமூச்சு விடுகிற இளைஞன் இந்த வரியை இரண்டு முறை படிக்க வேண்டும். ரத்த உறவில் வந்த சொத்தல்ல அது. கடைக்குப் பெயர் கொடுத்த க்ரூஸ் குடும்பத்தில் ஸ்மிட்டி பிறக்கவில்லை. உழைத்துக் கற்று, காசு கொடுத்து வாங்கினார். 

1984-இல் அவர் தொழிலை மகன்கள் ரிக், டான் இருவருக்கும் விற்றார். 1990-இல் காலமானார். அப்போது கட்டடம் மகள் நினாவுக்குப் போனது. எல்லாப் பிள்ளைகளுக்கும் ஏதாவது போய்ச் சேர வேண்டும் என்று நினைக்காத தகப்பன் உண்டா? ஆனால் விளைவைப் பார். தொழில் மகன்கள் கையில், அந்தத் தொழில் நிற்கிற தரை மகள் கையில். அடுப்பு செங்கல்லோடு சேர்ந்தது, செங்கல் கட்டடத்தோடு சேர்ந்தது. பல ஆண்டு புகை ஏறிக் கறுத்த சுவர் யாருக்குச் சொந்தம்? கடைக்குள் கால் வைத்ததும் மூக்கில் ஏறுகிற வாசனை யாருக்குச் சொந்தம்? எந்தப் பத்திரத்திலும் அதற்கு விடை இல்லை. தகப்பன்மார்கள் கவனிக்க வேண்டிய இடம் இது. பிள்ளைகளுக்குச் சமமாகக் கொடுத்தால் போதும் என்று நிம்மதியாகக் கண்மூடாதீர்கள். கொடுத்தது ஒன்றோடொன்று எப்படிப் பின்னிக் கிடக்கிறது என்றும் பாருங்கள்.

குத்தகைப் பேச்சு முறிந்ததும் ரிக் என்ன செய்தார்? அந்தச் சுவரைக் கட்டிக்கொண்டு அழவில்லை. ‘இந்த இடம்தான் க்ரூஸ், இதை விட்டால் நான் யார்’ என்று தளர்ந்து உட்காரவில்லை. களஞ்சியம் போலப் பெரிய கட்டடம் ஒன்றை எழுப்பி, புதிதாகச் செங்கல் அடுப்புகள் கட்டி, பெயரையும் கங்குகளையும் கொண்டு போனார். அந்தப் பெயரை ஊர் அவரோடு சேர்த்துத்தான் நம்பியது. ஜனங்கள் தேடிப் போனார்கள்.

இதோடு கதையை முடித்தால் அது பாதி உண்மைதான். மறுபாதி நினாவுடையது. என்னைக் கேட்டால் அதுதான் பெரிய பாதி.

கட்டடம் கையில் இருக்கிறது. பெயர் போய்விட்டது. ஊருக்கெல்லாம் தெரிந்த அந்தப் பலகை இனி அவருக்கு இல்லை. வெற்றுக் கட்டடத்தை வேறொருவருக்கு வாடகைக்கு விட்டு மாதா மாதம் காசோலை வாங்கிக்கொண்டிருக்கலாம். நல்ல விலைக்குத் தள்ளிவிட்டிருக்கலாம். யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் அதே ஆண்டில், அதே கறுத்த சுவர்களுக்கு நடுவே புதுக் கடை திறந்தார். தகப்பனை ஊர் கூப்பிட்ட பெயரையே அதற்கு வைத்தார்: ‘ஸ்மிட்டிஸ் மார்க்கெட்’. அடுப்பை நினாவின் மகன் பார்த்துக்கொண்டார். வாசல் பக்கம் தரையிலேயே எரிகிற நெருப்பின் ஓரமாக வரிசையில் நின்று கறி வாங்கிய ஊர், தொடர்ந்து வந்து நின்றது.

‘கடை ஆண்பிள்ளைகளுக்கு, பெண்ணுக்கு ஏதாவது கொடுத்து அனுப்பு’ என்ற பேச்சை எந்த நாட்டில் கேட்டாலும் என் ரத்தம் கொதிக்கிறது. தங்கையே, அக்கா, அம்மா, யாராக இருந்தாலும் சரி: உன் பங்குக்கு வந்தது நாலு சுவர் மட்டும் என்றால், அந்த நாலு சுவருக்குள் அடுப்பைப் பற்றவை. கையெழுத்துப் போட்டு விட்டுக்கொடு என்று நெருக்குகிறவர்களிடம், நான் நடத்திக் காட்டுகிறேன் என்று சொல். சொல்லிவிட்டு நடத்திக் காட்டு.

அந்த 1999-இலேயே டெக்சஸ் சட்டமன்றத்தின் கீழவை லாக்ஹார்ட்டை மாநிலத்தின் பார்பெக்யூ தலைநகர் என்று தீர்மானம் போட்டு அறிவித்தது. பிரிவினையால் ஊர் அழியவில்லை. ஒரு கடை இருந்த குடும்பத்துக்கு இரண்டு கடை ஆயிற்று.

அதே ஊரில் பிளாக் குடும்பத்துக்கும் இப்படியொரு சண்டை வந்தது. அவர்களுடைய கடை 1932-இலிருந்து நடக்கிறது. கொள்ளுப்பேரன் தலைமுறையில் இரட்டைச் சகோதரர்கள் ஆஸ்டின் நகரில் தனிக்கடை போடக் கிளம்பியபோது, குடும்பப் பெயரை வைப்பதில் தகராறு. தந்தையின் பெயரையும் முன்னால் சேர்த்து ‘டெர்ரி பிளாக்ஸ்’ என்று 2014-இல் திறந்துவிட்டார்கள். பிறகு டல்லாஸ் வரைக்கும் கிளை போனது. பெயருக்குத் தடை வந்ததே என்று உலை வைக்காமல் இருந்திருந்தால்?

உறவு உடைவதைக் கொண்டாடச் சொல்லவில்லை. ஒரே தட்டில் சாப்பிட்டவர்கள் வக்கீல் மூலம் பேசிக்கொள்ளும் வேதனை எனக்குத் தெரிகிறது. பேசித் தீர்க்க வழியிருந்தால் நூறு முறை பேசு. நியாயமான பங்குக்காக வழக்குப் போட வேண்டியிருந்தால் அதையும் தலைநிமிர்ந்து போடு. ஆனால் வாய்தாவுக்கும் வாய்தாவுக்கும் நடுவில் உன் கை சும்மா இருக்கக் கூடாது. எந்த விறகு எவ்வளவு நேரம் எரியும், கறி எப்போது பதமாகும், எந்த வாடிக்கையாளருக்குக் கொழுப்போடு வேண்டும், யாருக்குக் கடன் கொடுக்கலாம்: இத்தனையும் உன் தலைக்குள் இருக்கிறது. அதற்கு எந்த நீதிமன்றமும் தடையுத்தரவு போட முடியாது. பாகப்பிரிவினைப் பத்திரத்தில் அதற்கு இலக்கம் கிடையாது. வருஷக்கணக்கில் அடுப்படியில் வெந்து நீ சம்பாதித்த சொத்து அது. அதைக் கையில் வைத்துக்கொண்டா கையாலாகாதவன் என்று புலம்புகிறாய்?

இன்றைக்குக் கடை அடைத்ததும் எல்லாரையும் உட்காரவை. பலகையில் இருக்கிற பெயர் யாருக்கு, அது யார் பேரில் பதிவாகியிருக்கிறது, இடம் யாருக்கு, வாடகை எவ்வளவு, எத்தனை ஆண்டுக்கு, ஒருவர் விலகினால் அவர் பங்கை எப்படி மதிப்பிடுவது என்று ஒவ்வொன்றாகக் கேள். மழுப்பினால் மறுபடி கேள். பதில்களைத் தாளில் எழுதி, வக்கீலிடம் காட்டி, கையெழுத்து வாங்கு. போட மாட்டேன் என்று யாராவது எழுந்து போனால் கூப்பிட்டுக் கெஞ்சாதே. எந்தத் தெருவில் இடம் கிடைக்கும், முன்பணம் எவ்வளவு கேட்பார்கள், வேலையாட்களில் உன்னோடு யார் வருவார்கள் என்று அன்றைக்கே கணக்குப் போட ஆரம்பி.