மறத்திற்கும் அன்பு துணையாதல்: கடற்படைத் தலைவர் இராமதாஸ் வாழ்வை முன்வைத்து ஓர் அறவியல் ஆய்வு

அறத்திற்கு மட்டுமே அன்பு சார்பாகும் எனக் கூறுவோர் அறியாதவர். மறத்திற்கும் அதுவே துணை என்பது வள்ளுவர் கருத்து. அன்புடைமை அதிகாரத்தில் இடம்பெறும் இக்குறளுக்குப் பொருள் காண்பதில் உரையாசிரியர்கள் வேறுபடுகின்றனர். மறஞ்செய்வதற்கும் அன்பே துணையாகும் என நேர்பட உரைப்பார் மணக்குடவர். பரிமேலழகர், ஒருவன் செய்த பகைமையால் உள்ளத்தில் மறம் தோன்றும்பொழுது அவனை நண்பனாகக் கருதி அன்பு செய்ய அம்மறம் நீங்கும் என்றும், ஆதலின் மறத்தை நீக்குவதற்கு அன்பு துணை என்றும் கொள்வார். முன்னவர் உரையில் அன்பு வாளேந்தியவன் பின்னே நிற்கின்றது; பின்னவர் உரையில் அவன் கையிலுள்ள வாளைக் கீழிறக்குகின்றது. இவ்விரண்டும் ஒரு மனிதனின் வாழ்வில் ஒருங்கே நிகழக்கூடுமா, நிகழுமாயின் அது முரண்பாடா வளர்ச்சியா என்பதே இக்கட்டுரை எழுப்பும் வினா.

இவ்வினாவுக்குப் பொருத்தமான வாழ்வு அட்மிரல் இலட்சுமிநாராயண் இராமதாஸ் அவர்களுடையது. 1933ஆம் ஆண்டு செப்டம்பர் 5ஆம் நாள் மும்பை மாட்டுங்காவில் பிறந்தவர். 1953இல் கடற்படை அதிகாரியானார். 1971ஆம் ஆண்டுப் போரில் கமாண்டர் நிலையில் ‘பியாஸ்’ என்னும் போர்க்கப்பலை நடத்தி வீர் சக்ரா விருது பெற்றார். 1990 நவம்பர் இறுதி முதல் 1993 செப்டம்பர் இறுதி வரை இந்தியக் கடற்படையின் பதின்மூன்றாம் தலைமைத் தளபதியாகப் பணியாற்றினார். மருத்துவத்துறை அல்லாத பிற பிரிவுகளில் பெண்கள் அதிகாரிகளாகக் கடற்படையில் சேர்க்கப்பட்டது இவர் காலத்தில், 1992இல் ஆகும். கடற்படையின் முதல் இந்தியத் தலைமைத் தளபதியாக 1958இல் பொறுப்பேற்றவரும், செங்கற்பட்டில் பிறந்தவருமான அட்மிரல் கட்டாரி இவருடைய மாமனார். ஓய்வுக்குப் பின் மும்பைத் துறைமுகத்திற்கு எதிர்க்கரைப் பகுதியான அலிபாக்கில் குடியேறிய இராமதாஸ், இந்திய பாகிஸ்தான் மக்களிடையே உறவை வளர்க்கும் அமைப்பின் இந்தியக் கிளைக்குத் தலைமையேற்றார். 1998ஆம் ஆண்டு அணுகுண்டுச் சோதனைகளையும் அணுஆயுதக் குவிப்பையும் வெளிப்படையாக எதிர்த்தார். 2004ஆம் ஆண்டு ரமோன் மகசேசே விருது இவருக்கும் பாகிஸ்தானைச் சேர்ந்த இதழாளரும் மனித உரிமைச் செயற்பாட்டாளருமான ஐ.ஏ. ரஹ்மான் அவர்களுக்கும் இணைத்து வழங்கப்பட்டது. 2024 மார்ச் 15ஆம் நாள் தம் தொண்ணூறாம் வயதில் மறைந்தார்.

வாழ்வின் முற்பாதியில் எந்நாட்டுப் படையை எதிர்த்துக் கப்பல் செலுத்தினாரோ அந்நாட்டு மக்களோடு பிற்பாதியில் கை கோத்தார். இதனைக் கேட்டவுடன் பலர் நினைவுக்கு வருபவன் அசோகன். ஆயின் அவ்வொப்புமை பொருந்துவதன்று. கலிங்கப் போருக்குப் பின் அசோகன் வருந்தினான். தன் வெற்றியைத் தானே தோல்வியாகக் கண்டு அவ்வருத்தத்தைக் கல்லில் வெட்டினான். இராமதாஸ் வாழ்வில் இத்தகைய கழுவாய் இல்லை. தாம் பெற்ற வீர் சக்ராவை அவர் துறக்கவில்லை. அமைதி இயக்கத்தின் அறிக்கைகளிலும் அட்மிரல் என்னும் பட்டத்துடனேயே கையொப்பமிட்டார். எனவே அவரை மனந்திருந்திய மறவர் எனக் கூறுவது எளிதாயினும் உண்மையாகாது. மறத்தை மறுக்காமலேயே அமைதிக்கு வந்தவர் அவர். அது எவ்வாறு இயலும் என்பதே ஆராயத்தக்கது.

போர்முறையின் எல்லைகள்

பண்டைத் தமிழர் போரைப் போற்றினர் என்பது பலரும் கூறுவது. அவர்கள் போருக்கு வரம்பு வகுத்தனர் என்பது அத்துணை அழுத்தமாகக் கூறப்படுவதில்லை. பல்யாகசாலை முதுகுடுமிப் பெருவழுதியைப் பாடிய நெட்டிமையாரின் புறப்பாட்டு, அம்பு விடுமுன் ஆவும் அந்தணரும் பெண்டிரும் பிணியுடையோரும் புதல்வரைப் பெறாதோரும் அரண் தேடி அகலுமாறு அறிவிக்கும் முறையைக் குறிப்பிடுகின்றது. இம்முறை எல்லாப் போர்களிலும் பின்பற்றப்பட்டது எனக் கொள்ள இயலாது. எரியூட்டப்பட்ட ஊர்களையும் பாழான வயல்களையும் புறநானூறே பாடுகின்றது. எனினும் கொல்லத்தக்கவர், கொல்லத்தகாதவர் என்னும் பாகுபாடு மறத்தின் இலக்கணத்துள்ளேயே இருந்தது என்பது இதனாற் பெறப்படும். படைச்செருக்கு அதிகாரத்தில் வள்ளுவர், அஞ்சாமையைப் பேராண்மை என்று கூறி, பகைவனுக்கு இடர் வந்தபொழுது உதவுதலை அவ்வாண்மையின் கூர்மை என்கிறார். படையிழந்து தனியனாய் நின்ற இலங்கை வேந்தனை மறுநாள் படையொடு வருமாறு சொல்லி விடுத்த அயோத்தி அரசனைப் பரிமேலழகர் இதற்கு எடுத்துக்காட்டுகின்றார். இரக்கம் வீரத்திற்கு வெளியிலிருந்து வந்து அதனைத் தடுப்பதன்று, வீரத்தின் கூர்முனையே அதுதான் என்னும் இக்கருத்து மிக நுட்பமானது.

1971இல் ‘பியாஸ்’ இருந்த இடமும் இதனோடு வைத்து எண்ணத்தக்கது. வங்காள விரிகுடாவில் ‘விக்ராந்த்’ விமானந்தாங்கிக் கப்பலோடு சென்ற கீழ்க்கடற்படைக் கப்பல்களுள் அது ஒன்று. கிழக்குப் பாகிஸ்தானின் துறைமுகங்களை முற்றுகையிடுவது அப்படையின் பணி. முற்றுகையில் கப்பல் தலைவன் நாள்தோறும் செய்யவேண்டியது பகுத்தறிதலாகும். வருவது வணிகக் கப்பலா, படைக்கலம் ஏற்றிய கப்பலா, நடுநிலை நாட்டுக் கொடி உண்மையானதா என ஆய்ந்த பின்னரே தடுத்தலோ தாக்குதலோ நிகழும். முற்றுகை தூய்மையான போர்முறை என்று இங்கு வாதிடவில்லை. துறைமுகம் மூடப்படின் முதலில் பட்டினி கிடப்பவர் படைவீரர் அல்லர். ஆயினும் பகுத்தறிவதற்கான கடமையும் வாய்ப்பும் முற்றுகையிடும் தலைவனுக்கு எஞ்சியிருக்கின்றன.

அணுகுண்டு இவ்வாய்ப்பை முற்றிலும் நீக்கிவிடுகின்றது. ஆவையும் அந்தணரையும் அகலச் சொல்வதற்கு அங்கே இடமில்லை. அகன்று செல்வதற்கும் இடமில்லை. காற்றின் திசையே எல்லையை முடிவு செய்யும். ஆகவே அதனை எதிர்ப்பதற்கு ஒருவன் மறத்தைக் கைவிட்டாக வேண்டும் என்பதில்லை. மறத்தை அதன் இலக்கணத்தோடு ஏற்றவன் அவ்வாயுதத்தை ஏற்க இயலாது என்பதே இன்னும் வலிய வாதம். இராமதாஸின் இரு பாதிகளையும் இணைக்கும் இழை இதுவெனக் கொள்ளலாம். மணக்குடவர் உரையும் பரிமேலழகர் உரையும் இங்கு ஒன்றையொன்று மறுக்கவில்லை. காக்கும் பொருட்டு வாளெடுக்கத் துணைநின்ற அன்பே, காக்கவியலாத வாளைக் கீழே வைக்கவும் துணைநின்றது.

ஒரே நகரில் இரு முடிவுகள்

இவ்வாதத்திற்கு எதிர்நிலையும் மும்பையிலேயே உண்டு. செம்பூரை அடுத்த டிராம்பேயில் 1956ஆம் ஆண்டு ‘அப்சரா’ அணுஉலை இயங்கத் தொடங்கியது. 1974ஆம் ஆண்டுப் பொக்ரான் சோதனைக்கான புளூட்டோனியம் அங்கிருந்த ‘சைரஸ்’ உலையில் உருவானது. 1998ஆம் ஆண்டுச் சோதனைகளின்போது அணுசக்தி ஆணையத் தலைவராக இருந்த ஆர். சிதம்பரம் சென்னையில் பிறந்தவர். அவருக்கு முன்னர் அப்பொறுப்பை வகித்த பி.கே. அய்யங்காரும் தமிழரே. செம்பூர், அணுசக்தி நகர்ப் பகுதிகளில் வாழும் தமிழ்க் குடும்பங்கள் பலவற்றுக்கு அந்நிலையம் வாழ்வளித்த இடம். பெருமைக்குரிய இடமும் ஆகும். அவர்கள் தரப்பில் கூறப்படும் நியாயம் புறக்கணிக்கத்தக்கதன்று. பயன்படுத்துவதற்காகவன்று, பிறர் பயன்படுத்தாமல் தடுப்பதற்காகவே அணுஆயுதம் என்பர் அவர்கள். அரணின் சிறப்பு பகைவனின் ஊக்கத்தை அழிப்பது என்று குறளிலிருந்தே இதற்குச் சான்று காட்டவும் இயலும்.

ஆனால் அரணுக்கும் அணுகுண்டுக்கும் ஒரு வேறுபாடு உண்டு. அரண் தன்னைத் தாக்க வருபவனுக்கே ஊறு செய்யும். அணுகுண்டால் அச்சுறுத்துதலோ, தாக்க வராத எண்ணற்ற மக்களைப் பிணையாக வைத்தே நடைபெறுவது. அச்சுறுத்தல் வெற்றி பெற்றாலும், செய்யத்தகாத ஒன்றைச் செய்வேன் என்னும் உறுதியைப் படைத்தலைவன் ஒருவன் எந்நேரமும் உள்ளத்தில் ஏந்தியிருக்க வேண்டியுள்ளது. டிராம்பேயின் ஆய்வாளர் அவ்வுறுதியை ஏந்த வேண்டியதில்லை. ஆணை பெறும் படைத்தலைவனே ஏந்த வேண்டும். இச்சிக்கலைக் குறித்து ஆய்வகத்திலிருந்து எழுந்த குரலைவிடப் படையிலிருந்து எழுந்த குரலுக்குத் தனித்தன்மை உண்டாவது இதனால்தான்.

சீருடையும் மனச்சான்றும்

இராமதாஸ் மீது வைக்கத்தக்க கடுமையான வினா வேறொன்று. பதவியிலிருந்தபோது வெளிப்படையாகப் பேசாதது ஏன்? சோவியத் ஒன்றியத்திடமிருந்து குத்தகைக்குப் பெறப்பட்ட, அணுஆற்றலால் இயங்கும் நீர்மூழ்கிக் கப்பலான ‘சக்ரா’ 1988 முதல் 1991 வரை இந்தியக் கடற்படையில் இருந்தது. அணுகுண்டு செய்யும் திறனை நாடு 1974இலேயே காட்டிவிட்டது. ஓய்வூதியம் உறுதியான பின் வரும் துணிவு எத்தகைய துணிவு எனக் கேட்போர் உளர்.

வள்ளுவர் இங்கே இரு வேறு கடமைகளைக் காட்டுகின்றார். அரசன் அறிவுடையோர் சொல்லைத் தள்ளுபவனாயினும், தானும் அறியாதவனாயினும், உறுதியானதை எடுத்துரைப்பது அமைச்சன் கடன். படைவீரனுக்கு அவ்வாறு கூறப்படவில்லை. அவனுக்குரியவை வீரமும் மானமும் தலைவனால் தேறப்படுதலும் ஆகும். இக்காலப் படைத்தலைமைத் தளபதி இவ்விரு நிலைகளும் கூடும் இடத்தில் நிற்கின்றார். அறைக்குள் அவர் அமைச்சரைப் போல அறிவுரை கூற வேண்டியவர். அறைக்கு வெளியே வீரனைப் போல ஆணையை நிறைவேற்ற வேண்டியவர். தேர்ந்தெடுக்கப்பட்ட அரசின் கொள்கையைச் சீருடையணிந்த ஒருவர் பொதுமேடையில் மறுப்பாராயின், அக்கருத்து எத்துணை நல்லதாயினும், படை மக்களாட்சிக்கு மேலே நிற்கத் தொடங்கிவிடும். அண்டை நாடுகளின் வரலாறு இதற்குப் போதிய சான்று தருகின்றது. ஆதலின் பதவிக்காலத்துப் பொதுமௌனத்தை அச்சம் எனக் கொள்ளாமல் அடக்கம் எனக் கொள்வதே முறையாகும். ஓய்வுக்குப் பின்னும் மௌனம் தொடர்ந்திருக்குமாயின் அதனை அடக்கம் எனக் கூற இயலாது. அலிபாக்கில் அவர் வாழ்ந்த ஆண்டுகளை நோக்குக. ராய்கட் மாவட்டத்தில் சிறப்புப் பொருளாதார மண்டலத்திற்கு நிலம் எடுக்கப்படுவதை எதிர்த்த உழவர்களோடும் அவர் நின்றார். அதற்கு எவ்வரசும் விருதளிக்கவில்லை.

தமிழ் மரபில் சந்து செய்யும் குரல் புலவர்க்கே உரியதாக இருந்தது. தொண்டைமானிடம் தூது சென்றவர் ஔவையார். நலங்கிள்ளிக்கும் நெடுங்கிள்ளிக்கும் இடையே நின்றவர் கோவூர்கிழார். வாளேந்தியவன் நாவேந்தி நின்றதைப் புறப்பாடல்களில் காண்பது அரிது. மறவனுக்கு அம்மரபு வைத்திருந்தது நடுகல். அதே 1971ஆம் ஆண்டுப் போரில், டிசம்பர் 9ஆம் நாள் டையூ அருகே நீர்மூழ்கித் தாக்குதலில் மூழ்கிய ‘குக்ரி’ கப்பலோடு அதன் தலைவர் கேப்டன் மகேந்திரநாத் முல்லாவும் கடலுள் சென்றார். 18 அதிகாரிகளும் 176 மாலுமிகளும் உயிரிழந்தனர். டையூவில் அவர்களுக்கு நினைவிடம் உள்ளது. அவ்வகை மரணத்தை நம் மரபு உடனே அடையாளங் கண்டு வணங்கும். உயிரோடு மீண்டு, முதிர்ந்து, தம் அரசோடு வாதிடும் மறவனை எங்கே வைப்பது என்பது அதற்குப் பழக்கமில்லாத சிக்கல்.

பட்டத்தைப் பயன்படுத்தியது குறித்த ஐயம் மட்டும் தீராமல் நிற்கின்றது. அட்மிரல் என்பதால் அவர் சொல் கேட்கப்பட்டது. போரிட்டவனே அமைதியைப் பேசத் தகுதியுடையவன் என்னும் எண்ணத்தை அது வலுப்படுத்தவும் கூடும். அவர் தளபதியாக இருந்த காலத்தில், 1992 டிசம்பரிலும் 1993 சனவரியிலும், அவர் பிறந்த நகரம் மதக் கலவரத்தில் எரிந்தது. மாட்டுங்காவிலிருந்து நடந்து செல்லும் தொலைவிலுள்ள தாராவி பெரிதும் பாதிக்கப்பட்டது. அதன் பின்னர் அங்கே குடியிருப்புதோறும் அமைதிக் குழுக்கள் அமைந்தன. சில குழுக்களில் ஓய்வுபெற்ற காவல் உயரதிகாரிகள் துணைநின்றனர். ஆயினும் மாலைதோறும் சந்துகளில் நின்று, வதந்தி பரவுமுன் இரு தரப்பு வீடுகளுக்கும் சென்று பேசியவர்கள் தோற்பை தைப்போரும் சிறு கடை நடத்துவோருமாகிய எளிய மக்களே. அவர்களுள் எவருக்கும் பெயருக்கு முன்னே பட்டம் எதுவும் இருக்கவில்லை.