ஆடி ஓய்ந்தவனுக்கு யார் கடன்பட்டவர்?

மாலை வெயில் படுவான்கரைப் பக்கமாகச் சாயும் வேளையில், மட்டக்களப்பு நகரின் கூடைப்பந்தாட்ட முற்றமொன்றின் ஓரத்தில் நின்று பார்ப்பவர் ஒரு காட்சியைக் காணக்கூடும். சிறுவனொருவன் கூடைக்கு நேர்கீழே நிற்கிறான். வலக்கையால் ஒரு முறை, இடக்கையால் ஒரு முறை எனப் பந்தைப் பலகையிலே தட்டிக் கூடைக்குள் விழுத்துகிறான். விழும் பந்து நிலத்தைத் தொடுமுன் அதனை ஏந்தி, மறுபக்கம் அடியெடுத்து வைத்து, மீண்டும் எறிகிறான். உலகெங்கும் இவ்விளையாட்டைப் பயில்வோர் முதலிற் கற்கும் பாடங்களுள் இது ஒன்று. இதற்கு மைக்கன் பயிற்சி என்று பெயர்.

அந்தப் பெயருக்குரிய மனிதர் எவ்வாறு ஆடினார், எவ்வாறு மாண்டார் என்பதைச் சிறுவன் அறிந்திருக்க நியாயமில்லை. ஆனால் அவனுக்குப் பாடஞ்சொல்லும் ஆசிரியர்களும், நாளை ஆசிரியர்களாக வரவிருக்கும் மாணவர்களும் அறிந்திருத்தல் நன்று. ஏனெனில், அந்த வாழ்க்கையிலே விளையாட்டுக்கு அப்பாற்பட்ட ஓர் அறக்கேள்வி அடங்கியுள்ளது. ஒருவனுடைய உடலுழைப்பினாற் பயன்பெற்ற சமூகம், அவ்வுடல் ஓய்ந்த பின்னர் அவனுக்கு எதையேனும் கடமைப்பட்டிருக்கிறதா? பேசிய கூலியைக் கொடுத்ததோடு கணக்குத் தீர்ந்துவிடுமா?

“பணக்கார நாட்டின் பணக்காரக் கேளிக்கை இது, இதில் நாம் எதைத் தேடுவது?” என்று நண்பர்கள் சிலர் கேட்கலாம். கேட்பதில் தவறில்லை. ஆனால் இவ்விளையாட்டு நமக்கு அந்நியமானதன்று. அமெரிக்காவின் லூசியானாப் பகுதியிலிருந்து 1940களின் பிற்பகுதியில் இங்கு வந்த யேசு சபைக் குருமார் புனித மிக்கேல் கல்லூரி மாணவரிடையே இதனை ஊன்றி வளர்த்தனர். வாவியும் கடலும் சூழ்ந்த இச்சிறு நகரின் பிள்ளைகள் கூடைப்பந்தாட்டத்தில் நாடறிந்த பெயர் பெற்றனர். அது நம் முற்றத்து விளையாட்டாகி இரண்டு மூன்று தலைமுறைகள் கழிந்துவிட்டன. ஆகவே அதன் வரலாற்றிலே உள்ள நீதியும் அநீதியும் நமக்கும் உரியனவே.

ஜோர்ஜ் மைக்கன் 1924இல் இலினோய் மாநிலத்து ஜோலியட் நகரிற் பிறந்தவர். உயரம் ஆறடி பத்தங்குலம். கண்களில் தடித்த கண்ணாடி. அக்காலத்தில் இத்தகைய உடல் விளையாட்டுக்கு உதவாதது என்றே கருதப்பட்டது. உயர்ந்தவன் தடுமாறுவான், விரைந்து திரும்பமாட்டான் என்பது பயிற்சியாளர்களின் பொதுக் கருத்து. குருத்துவக் கல்விக்கு ஆயத்தப்படுத்தும் பள்ளியொன்றிற் சிறிது காலம் பயின்ற மைக்கன், பின்னர் சிக்காகோவின் டீபோல் பல்கலைக்கழகத்தை அடைந்தார். அங்கே ரே மேயர் என்ற இளம் பயிற்சியாளர் அவரைக் கயிறு தாண்டச் செய்தார். நடனம் பழகச் செய்தார். வலக்கையாலும் இடக்கையாலும் மாறி மாறி நூற்றுக்கணக்கான முறை பந்தை எறியச் செய்தார். நமது சிறுவன் மாலையிற் செய்யும் பயிற்சி அங்கே பிறந்ததுதான்.

அதன் விளைவை உலகம் கண்டது. கூடைக்குள் இறங்கும் பந்தை மேலே எட்டித் தட்டிவிடலாகாது என்ற விதி 1944இல் அமெரிக்கக் கல்லூரி ஆட்டத்தில் வந்தது. மைக்கனும் அவரையொத்த மற்றொரு நெடியவரான பொப் கேர்லண்டும் அவ்வாறு தட்டிவிட்டமையே அதற்குக் காரணம். 1946இல் தொழில்முறை ஆட்டத்திற் புகுந்தார். மின்னியாபொலிஸ் லேக்கர்ஸ் அணியின் தூணாக நின்றார். 1949 டிசெம்பரில் நியூயோர்க்கின் மடிசன் சதுக்க அரங்கு வாயிலில் ‘ஜோர்ஜ் மைக்கன் எதிர் நிக்ஸ்’ என்றே விளம்பரம் எழுதப்பட்டது. அணியின் பெயருக்கு இடமில்லை. அம்மனிதனின் பெயரே சந்தையிற் செல்லுபடியாகும் நாணயமாயிற்று. 1950இல் அசோசியேட்டட் பிரஸ் செய்தி நிறுவனம் நடத்திய வாக்கெடுப்பு அவரை அரை நூற்றாண்டின் தலைசிறந்த கூடைப்பந்தாட்ட வீரராகத் தெரிந்தது. 1951இல், கூடையின் அடியே தாக்கும் வீரன் மூன்று வினாடிக்கு மேல் நிற்கலாகாத பகுதியின் அகலம் ஆறடியிலிருந்து பன்னிரண்டு அடியாக்கப்பட்டது. ஒரு மனிதனைத் தள்ளி வைப்பதற்காக முற்றத்தின் கோடுகளே மாற்றி வரையப்பட்டன!

1950 நவம்பர் 22இல் நடந்த ஆட்டமொன்று குறிப்பிடத்தக்கது. மைக்கனை வெல்ல வழியறியாத போர்ட் வெய்ன் அணியினர், பந்தை எறியாமலே கையில் வைத்துக் காலம் கடத்தினர். ஆட்டம் 19க்கு 18 என்று முடிந்தது. தோற்ற அணியின் பதினெட்டுப் புள்ளிகளிற் பதினைந்து மைக்கனுடையவை. பந்தைப் பெற்ற அணி இருபத்துநான்கு வினாடிக்குள் எறிந்தே ஆகவேண்டும் என்ற விதி 1954இல் வந்ததற்கு இத்தகைய ஆட்டங்கள் காரணமாயின. இன்று நாம் காணும் விரைவான ஆட்டத்தின் எலும்புக்கூட்டிலே அவருடைய தடம் பதிந்திருக்கிறது.

அவருடைய எலும்புகளின் கதை வேறு. ஆடிய காலத்திற் பத்து எலும்புகள் முறிந்தன. 1954இல் ஓய்வு பெற்றார். சிறிது காலத்தின் பின் மீண்டும் ஆடி, 1956இல் முற்றாக விலகினார். வழக்கறிஞர் தொழில், நிலபுல வணிகம், அரசியலில் ஒரு தோல்வி, 1967இல் புதிதாகத் தோன்றிய போட்டிச் சங்கமொன்றின் தலைமை நிருவாகி என வாழ்க்கை நகர்ந்தது. முதுமையில் நீரிழிவு பற்றியது, சிறுநீரகங்கள் செயலிழந்தன. வாரம் மும்முறை இரத்தம் சுத்திகரிக்கும் இயந்திரத்தோடு பிணைக்கப்பட்டார். 2000ஆம் ஆண்டில் வலக்கால் முழங்காலுக்குக் கீழே துண்டிக்கப்பட்டது. எந்தச் சங்கம் அவர் பெயரை விற்று வளர்ந்ததோ, அச்சங்கத்திலிருந்து அவருக்குக் கிடைத்த ஓய்வூதியம் மாதம் 1,700 டொலர். அதே காலத்தில் அச்சங்கத்தின் முன்னணி வீரர்கள் ஆண்டுக்குப் பல மில்லியன் டொலர் பெற்றனர். மைக்கன் நோயுடனிருந்தே பழைய ஆட்டக்காரரின் ஓய்வூதியத்தை உயர்த்துமாறு குரலெழுப்பினார். 2005 ஜூன் முதலாந் திகதி இறந்தார். ஈமச் செலவைத் தாம் ஏற்பதாக அக்காலத்துப் பெருவீரரான ஷகீல் ஓநீல் முன்வந்தார். அவ்வாறே ஏற்றார்.

இவ்விடத்தில் நாம் சற்று நின்று சிந்திக்க வேண்டும். ஓநீல் செய்தது உயர்ந்த செயல். தமக்கு முன் அந்த இடத்தில் நின்ற ஒருவரை அவர் மறக்கவில்லை. ஆயினும் அச்செயலைப் புகழ்ந்து கண்கலங்குவதோடு நாம் நின்றுவிட்டால், கேட்கவேண்டிய கேள்வி தப்பிவிடும். ஒரு தனிமனிதனின் இரக்கம் தேவைப்படும் நிலை ஏன் வந்தது? இரக்கமுள்ளவர் ஒருவர் முன்வந்திராவிடின் என்ன நடந்திருக்கும்?

படுவான்கரை வயல்களில் வாழ்நாளெல்லாம் உழைத்துக் கூனிப்போன கிழவனுக்குப் போடியார் ஒரு மூடை நெல் அளந்து கொடுப்பார். ஊரார் அதனைத் தருமம் என்று போற்றுவர். நெல் உண்மையானது, பசி தீர்ந்ததும் உண்மை. ஆனால் அந்த நெல்லை விளைவித்த கை எவருடையது? தனக்குரியதன் ஒரு சிறு பகுதியைத் தருமமாகப் பெற்று, அதற்காகக் கைகூப்பியும் நிற்க நேர்ந்தவனின் நிலையை எண்ணிப் பாருங்கள். தருமம் கொடுப்பவரின் மனத்தைப் பொறுத்தது. இன்று உண்டு, நாளை இல்லை. நீதியோ பெறுபவரின் உரிமையைப் பொறுத்தது. அதற்காக அவர் எவரையும் வாழ்த்த வேண்டியதில்லை. தருமம் நீதியின் தங்கை என்பர். தமக்கை வீட்டில் இல்லாதபோது தங்கை செய்யும் வேலை அது என்பதே பொருந்தும்.

எதிர்வாதம் ஒன்றுண்டு. “மைக்கன் அடிமையல்லர். தாமே விரும்பி ஒப்பந்தம் செய்தார். அந்நாட்களில் ஆண்டுக்குப் பன்னிரண்டாயிரம் டொலர் என்பது சாதாரண தொழிலாளி கனவிலும் காணாத தொகை. கூலி பெற்றார், ஆடினார், விலகினார். பின்னர் எதற்குக் கடன்?” இவ்வாதத்தை எளிதில் ஒதுக்கிவிட முடியாது. ஒப்பந்தத்தைக் காப்பதும் அறமே.

எனினும் ஒப்பந்தம் எதனை அளக்கிறது என்று பார்க்கவேண்டும். அன்றன்றைய ஆட்டத்தை அது அளந்தது. ஆனால் உழைப்பின் பயன் அன்றோடு முடியவில்லை. பார்வையாளர் திரண்டனர், ஆட்டம் மக்களிடையே வேரூன்றியது, அந்த வேரிலிருந்து பிற்காலத்திற் பல கோடி விளைந்தது. உடல் தேய்ந்ததும் ஆடிய நாளோடு முடியவில்லை. முறிந்த எலும்பு முதுமையிலும் வலிக்கும். பயன் பொதுவில் வளர்ந்துகொண்டே போக, தேய்மானம் மட்டும் தனிமனிதனின் பங்காக நிற்குமாயின், அந்தக் கணக்கு முடிந்த கணக்கன்று; பாதியிற் கிழித்தெறியப்பட்ட கணக்கு. ஒருவர் விரும்பிக் கையெழுத்திட்டார் என்பதனால் கணக்கின் பிழை சரியாகிவிடாது.

அப்படியாயின் கணக்கை நேராக்குவது யார்? வரலாறு ஒரு விடை தருகிறது. 1964 ஜனவரி 14ஆம் திகதி பொஸ்டன் நகரில் அவ்வாண்டின் நட்சத்திர வீரர்களின் காட்சி ஆட்டம் நடைபெறவிருந்தது. தொலைக்காட்சி ஒளிபரப்புக்குக் காத்திருந்தது. வீரர்களோ உடைமாற்றும் அறையை விட்டு வெளியே வர மறுத்துவிட்டனர். டொம் ஹைன்சன், பில் ரசல், ஒஸ்கார் ரொபேர்ட்சன், எல்ஜின் பெய்லர் முதலிய பெருவீரர்கள் அவ்வறையில் இருந்தனர். வெள்ளையரும் கறுப்பரும் ஒன்றாக இருந்தனர். ஓய்வூதியத் திட்டத்துக்கு உறுதிமொழி கிடைத்தாலன்றி ஆடுவதில்லை என்பது அவர்களின் முடிவு. உரிமையாளர்கள் கோபித்தனர், மிரட்டினர். இறுதியிற் சங்கத் தலைவர் வோல்டர் கென்னடி வாக்குறுதி அளித்த பின்னரே அவர்கள் முற்றத்துக்கு வந்தனர். மறு ஆண்டு ஓய்வூதியம் நடைமுறைக்கு வந்தது. தனித்தனியே எத்தனை ஆயிரம் புள்ளிகள் எடுத்திருந்தும் பெறமுடியாத ஒன்றை, ஒரு மாலை சேர்ந்து அமர்ந்திருந்து பெற்றனர்.

இங்கும் ஒரு குறை உண்டு. அதை மறைத்தல் நேர்மையாகாது. அந்த வெற்றி 1965க்கு முன்னர் ஓய்ந்தவர்களை வாயிலுக்கு வெளியே நிறுத்தியது. பிற்காலத்தில் அவர்களுக்கும் ஏதோ வழங்கப்பட்டது. ஆனால் அது சிறிதாகவே இருந்தது. மைக்கன் அந்த முன்னோரின் வரிசையிலேயே நின்றார். போராடுவோர் தம் தோளருகே நிற்பவரை மட்டும் எண்ணி, தமக்கு முன்னே உழைத்து ஓய்ந்தவரை மறந்துவிட்டால், வென்ற நீதியும் அரைநீதியாகிவிடும். தொழிற்சங்கங்களில் ஈடுபட்டுள்ள ஆசிரிய நண்பர்கள் இதனைக் குறித்துக்கொள்ள வேண்டும்.

நம் நாட்டுக்கு வருவோம். மைக்கனின் அதே உயரம், ஆறடி பத்தங்குலம், கொண்ட தமிழ்ப் பெண் ஒருவர் நம்மிடையே தோன்றினார். யாழ்ப்பாணத்துப் புன்னாலைக்கட்டுவன் பகுதியிற் போர்க்காலத்தில் வளர்ந்த தர்ஜினி சிவலிங்கம், கூடைப்பந்தாட்டத்திலிருந்து கிளைத்த வலைப்பந்தாட்டத்தில் இலங்கையின் கோல்களைக் குவித்தார். ஆசியக் கிண்ணம் 2009, 2018, 2022 ஆகிய ஆண்டுகளில் இலங்கைக்குக் கிடைத்தபோது அவர் அணியில் இருந்தார். 2019இல் லிவர்பூலில் நடந்த உலகக் கிண்ணத் தொடரில் எல்லா நாட்டு வீராங்கனைகளையும் விட அதிக கோல்கள் போட்டவர் அவரே. அவுஸ்திரேலியக் கழகங்களுக்கும் ஆடினார். சிறுவயதில் அந்த உயரத்துக்காகவே கேலிக்கு ஆளானதை அவர் சொல்லியிருக்கிறார். கோல்கள் விழத் தொடங்கியதும் அதே உயரம் நாட்டின் பெருமையாயிற்று. உடல் மாறவில்லை, அதனால் நமக்குக் கிடைத்த பயன் மாறியது. கேலி செய்த வாயும் கைதட்டிய கையும் நம்முடையவைதாம். பயன்படும் வரை ஒருவரைப் போற்றுவோம் என்றால், பயன்படுமுன் இகழ்ந்ததற்கும் பயன் தீர்ந்தபின் மறப்பதற்கும் அதே மனப்பான்மைதானே காரணம்?

இதே வாவிக்கரையில் இன்னொரு கடன் நிலுவையில் உள்ளது. திருகோணமலையிலும் மட்டக்களப்பிலும் தலைமுறை தலைமுறையாகப் பிள்ளைகளுக்குக் கூடைப்பந்தாட்டம் பயிற்றிய யூஜின் ஜோன் ஹேபியர் அடிகளார், 1990 ஆகஸ்ட் 15ஆம் திகதி வாழைச்சேனையிலிருந்து மட்டக்களப்பு நோக்கிப் புறப்பட்டார். உடன் ஒரு தமிழ் இளைஞனும் சென்றான். இருவரும் வந்து சேரவில்லை. அடிகளாரின் பெயரிற் புள்ளிகள் எவையும் பதியப்படவில்லை. பயிற்றுபவருக்குப் புள்ளி கிடையாது. அவருக்கும் அவரோடு சென்றவனுக்கும் நாம் பட்ட கடன் பணத்தால் தீருவதன்று. உண்மையால் மட்டுமே தீரும். ஆட்டத்தில் விழுந்த ஒவ்வொரு பந்தையும் பிழையின்றி எண்ணிவைக்கும் உலகம், காணாமற்போன மனிதரைக் கணக்கில் வைக்க இவ்வளவு தயங்குவது ஏன்?

வாவியில் வீச்சுவலை எறிபவனுக்கும், வேளாண்மை வெட்டிய கைக்கும் இதே கேள்வி பொருந்தும். ஊழியர் சேமலாப நிதிச் சட்டம் 1958இல் வந்தது. விவசாயிகளுக்கான ஓய்வூதியச் சட்டம் 1987இல் வந்தது. இவை கேட்டுப் பெற்ற நீதியின் படிகள். ஆயினும் நாட்கூலிக்கு உழைப்பவனின் முதுமை இன்னும் பிள்ளைகளின் தயவிலும் பிறரின் இரக்கத்திலுமே தங்கியுள்ளது. அவனுக்கு அரங்கு வாயிலில் விளம்பரம் இல்லை. புகழ்பெற்ற மைக்கனுக்கே இந்நிலையெனில், பெயரற்ற அவனுடைய நிலையைச் சொல்லவும் வேண்டுமோ!

இருள் சூழ்கிறது. சிறுவன் பந்தை அணைத்துக்கொண்டு வீடு திரும்புகிறான். நாளை அவனுக்கு வலக்கை எறிதலையும் இடக்கை எறிதலையும் சொல்லிக் கொடுக்கும் ஆசிரியர், அப்பயிற்சிக்குப் பெயர் தந்தவரின் கதையையும், 1964இல் ஓர் அறைக்குள் சேர்ந்து அமர்ந்திருந்தவர்களின் கதையையும் உடன் சொல்வாராக. எறியக் கற்பவன், கேட்கவும் கற்கட்டும்.