வறுத்த பயறு

காஞ்சீபுரத்திலிருந்து வேலூர் போகும் நெடுஞ்சாலையில், பாலுச்செட்டி சத்திரத்தை அடுத்துள்ள திருப்புட்குழியில், இராமபிரான் ஜடாயுவுக்கு ஈமக்கடன் செய்ததாக ஸ்தல புராணம் சொல்லும் திருக்குளத்துப் படியில் ஒரு மாலை நான் உட்கார்ந்திருந்தபோது, மருமகளைக் கோயிலுக்குள் அனுப்பிவிட்டு, அறுபதை நெருங்கும் ஒருவர் பக்கத்தில் வந்தமர்ந்து பேச்சுக்கொடுத்தார். மடைப்பள்ளியில் வறுத்த பயற்றை நனைத்து மடியில் கட்டிக்கொண்டு படுக்கும் பெண்ணுக்கு, விடியும்போது அது முளைவிட்டிருந்தால் மரகதவல்லித் தாயாரின் கிருபையால் பிள்ளை பிறக்கும் என்பது இந்த ஸ்தலத்தின் விசேஷம்.

அவர் மக்கள் நலப் பணியாளர். 1989இல் ஊராட்சிக்கு இருவராக 25,234 பேரை அரசாங்கம் நியமித்தபோது, படித்துவிட்டு வேலையின்றி இருந்த இவரும் சேர்ந்தார். 1991இல் நீக்கினார்கள், 1997இல் சேர்த்து 2001இல் நீக்கினார்கள், 2006இல் சேர்த்து 2011இல் நீக்கினார்கள். தி.மு.க. வந்தால் உள்ளே, அ.தி.மு.க. வந்தால் வெளியே. மஞ்சள் பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் உறையை எடுத்து, மடிப்பில் நைந்து கிழிந்த காகிதங்களைத் தொடைமேல் பரப்பினார். "மூணு தடவை சேர்ந்தேன், மூணு தடவை நிறுத்தினாங்க. ஆறு ஆர்டரும் இருக்குதுங்கய்யா."

2022இல் திரும்ப அழைத்தார்கள். ஆனால் பழைய வேலைக்கு அல்ல. நூறு நாள் வேலைத் திட்டத்தில் பணி ஒருங்கிணைப்பாளர் என்று புதுப்பெயர், மாதம் 7,500 ரூபாய் மதிப்பூதியம். அந்த ஏற்பாட்டை 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றமும் ஏற்றுக்கொண்டது. பள்ளிக்கு வராத பிள்ளைகளைத் தேடி வீடுவீடாகப் போனவர், இப்போது ஏரிக்கரையில் வருகைப் பதிவேட்டோடு நிற்கிறார். "எந்த வேலையானாலும் சரிங்க, பர்மனென்ட்னு ஒரு ஆர்டர் கொடுத்தா போதும்" என்றார்.

எந்த வேலையானாலும் என்ற அந்தச் சொல் முதலில் எனக்கு ருசிக்கவில்லை. செய்யும் தொழிலில் பற்றில்லாமல் உத்தியோகத்தில் மட்டும் ஆசை வைத்த மனமோ என்று நினைத்தேன். தேர்வாணையப் பரீட்சைக்கு ஆறு வருஷமாகப் படித்துக்கொண்டிருக்கும் என் தம்பி மகனும் நினைவுக்கு வந்தான். முறையான போட்டியின்றி நுழைந்தவர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கோர முடியாதென்று 2006இல் உமாதேவி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதற்குப் பின்னால், வாசலுக்கு வெளியே வரிசையில் நிற்கும் அவனைப் போன்றவர்களின் நியாயம் இருக்கிறது. அதை நான் லேசாகத் தள்ளமாட்டேன்.

ஆனாலும் அந்தக் காகிதங்களைப் பார்க்கப் பார்க்க, அவர் கேட்பது பதவியையல்ல, கழிந்துபோன நாட்களுக்கு ஒரு கணக்கை என்று தோன்றலாயிற்று. பட்டினி கிடப்பவனுக்கு வேறு பெயரில் சோறு போடுவது தயைதான், சந்தேகமில்லை. ஆனால் பெயர் மாறினால் சர்வீஸ் முதல் நாளிலிருந்து தொடங்குகிறது, 1989 இல்லாமலே போய்விடுகிறது. இதே ஜில்லாவின் உத்திரமேரூரில், பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டு, குடவோலையில் தேர்ந்தவர் 360 நாள் வாரியம் செய்து இறங்கவேண்டும், அடுத்த மூன்று வருஷம் ஏறக்கூடாது என்று விதிக்கிறது. கண்டிப்பான விதிதான், இருந்தாலும் ஏறும்போதே இறங்கும் நாள் அவருக்குத் தெரிந்திருந்தது. 22 வயதில் வேலைக்கு வந்த இந்த மனிதருக்கு அதை யார் சொன்னார்கள்? ஒவ்வொரு தேர்தல் இரவிலும் ரேடியோப் பெட்டியருகே உட்கார்ந்து தம் ஜீவனத்தின் முடிவைக் கேட்டிருக்கிறார்.

மருமகள் வெளியே வந்தாள். அவர் ஆறு ஆர்டர்களையும் தேதி வரிசை பார்த்து அடுக்கி, உறையின் வாயை இரண்டாக மடித்து, பையில் வைத்தார்.

"பயறு கொடுத்தாங்களாம்மா?"

முந்தானை முடிச்சைக் காட்டினாள். "ராத்திரி நனைச்சுக் கட்டிக்கணுமாம், மாமா."

"சத்திரத்துக்கு நடந்துடலாம், அங்கே பஸ் கிடைக்கும்" என்று எழுந்து, பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு அவர் முன்னே நடந்தார்.