கல்லாப்பெட்டியும் கள்ளாமை விரதமும்

இல்லறத்தார்க்கு உரிய ஐந்து அணுவிரதங்களுள் மூன்றாவதாக நிற்பது கள்ளாமை. கொல்லாமையைப் பற்றி நாம் பேசும் அளவிற்குக் கள்ளாமையைப் பற்றிப் பேசுவதில்லை. காரணம் எளிது. நல்ல குடும்பங்களில் பிறந்தவர்கள் களவு செய்யார் என்பது நம் நம்பிக்கை. கன்னம் வைத்துச் சுவரைத் துளைப்பவனே கள்வன் என்று எண்ணினால் அந்நம்பிக்கை சரியே. ஆயின், ஆசாரியர்கள் களவு என்பதற்கு அவ்வளவு குறுகிய பொருள் கொள்ளவில்லை.

நம் மக்களுள் பலர் இன்றும் உழவையே நம்பி வாழ்கின்றனர். எனினும் ஊரை விட்டு நகரம் சென்று, துணிக்கடையிலும் மளிகைக் கடையிலும் மருந்துக் கடையிலும் பணிபுரியும் இளைஞர்களும் நம்மிடையே உள்ளனர். சிறு கடைகளை நடத்தி நால்வருக்கு வேலை கொடுப்போரும் உள்ளனர். ஆகவே கடைச் சிப்பந்தி செய்யும் களவு என்னும் பொருள் நமக்கு அயலானதன்று. இருபுறத்தும் நம் பிள்ளைகளே இருக்கின்றனர். இதனை அறநூல்களின் துணைகொண்டு சிறிது ஆராய்வோம்.

கொடாததைக் கொள்ளல்

தத்துவார்த்த சூத்திரத்தில் உமாசுவாமி ஆசாரியர் களவுக்குக் கூறும் இலக்கணம் மிகச் சுருங்கியது. கொடுக்கப்படாததைக் கொள்ளுதல் எதுவோ, அது களவு. பொருள் பெரிதா சிறிதா, உடையவன் செல்வனா வறியனா, எவரேனும் கண்டனரா இல்லையா என்னும் வினாக்களுக்கு அவ்விலக்கணத்தில் இடமில்லை. மனம் கஷாய வயப்பட்டுக் கொடாததைக் கொண்டதா என்பது ஒன்றே வினா.

சமந்தபத்திர ஆசாரியர் இரத்தின கரண்டக சிராவகாசாரத்தில் இதனை மேலும் விரிக்கிறார். பிறன் பொருளைத் தான் எடாதிருப்பது மட்டும் போதாது. அதனை எடுத்து மற்றொருவர்க்குக் கொடாமலும் இருத்தல் வேண்டும் என்பது அவர் கருத்து. கடையில் நிற்பவர்கள் இவ்விரண்டாம் பகுதியை ஊன்றி நோக்க வேண்டும். தனக்கென்று ஒரு காசும் எடாத சிப்பந்தி, தன் நண்பன் வந்தபோது எடையைச் சற்றுத் தாராளமாக இடுகிறான். இரண்டு பொருளுக்கு விலை போட்டு மூன்றாவதைப் பையில் இட்டனுப்புகிறான். முதலாளி மனமுவந்து கொடுக்கும் கொசுறு வேறு. முதலாளியின் சரக்கில் சிப்பந்தி காட்டும் வள்ளன்மை வேறு. பின்னது தானம் போலத் தோன்றினும் அதற்குப் பெயர் களவே.

கடைக்களவின் வேறு சில வகைகளை ஆசாரியர்கள் கள்ளாமையில் அன்றி வாய்மை விரதத்தின் அதிசாரங்களில் வைத்துள்ளனர். பொய் எழுத்து எழுதுதலாகிய கூடலேகக் கிரியை, நம்பி ஒப்படைத்த பொருளைக் குறைத்துக் கொடுத்தலாகிய நியாசாபகாரம் ஆகிய இரண்டும் அவை. விற்ற பொருளுக்குப் பில் போடாமல் பணத்தை ஒதுக்குவதும், திரும்பி வராத சரக்கைத் திரும்பி வந்ததாக எழுதிக் கல்லாவிலிருந்து தொகை எடுப்பதும், நாட்கணக்கில் ஓர் எண்ணை மாற்றுவதும் இவற்றுள் அடங்கும். கல்லாவில் அமர்பவன் களவு செய்யும்போது கை எடுப்பதற்கு முன்னரே எழுதுகோல் பொய் சொல்லிவிடுகிறது. ஒரு செயலால் இரு விரதங்கள் கெடுகின்றன.

நாட்டுச் சட்டமும் இதனைத் தனியே பிரித்து நோக்குகிறது. 1860ஆம் ஆண்டின் இந்தியத் தண்டனைச் சட்டம், பொதுவான திருட்டுக்கு மூன்றாண்டு வரை சிறை விதித்தது; எழுத்தரோ பணியாளரோ தம் எசமானர் பொருளைத் திருடினால் ஏழாண்டு வரை விதித்தது. 2024 சூலை 1 முதல் நடைமுறையிலுள்ள பாரதிய நியாய சம்ஹிதையும் இவ்வேறுபாட்டை அப்படியே காத்துள்ளது. வெளியான் பொருளை மட்டும் கவர்கிறான். உள்ளிருப்பவன் பொருளோடு நம்பிக்கையையும் கவர்கிறான்.

மனம் கூறும் சமாதானங்கள்

அமெரிக்கக் குற்றவியல் அறிஞர் டொனால்டு கிரெசி, நம்பி ஒப்படைத்த பணத்தைக் கையாடிச் சிறை சென்றோர் பலரைக் கண்டு பேசி, 1953ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டார். அவர்களிடம் அவர் கண்ட பொதுத்தன்மைகள் மூன்று. பிறரிடம் சொல்ல இயலாத பணமுடை ஒன்று. எவரும் அறியாமல் எடுக்கும் வாய்ப்பு ஒன்று. தன்னைக் கள்வன் என்று கருதாமலே எடுப்பதற்கு மனம் கண்டுபிடித்த சொல் ஒன்று. அவருள் பலர், தாம் திருடவில்லை, கடனாக எடுத்துத் திருப்பி வைக்கவே எண்ணினோம் என்றே நினைத்திருந்தனர்.

இம்மூன்றாவது காரணமே நமக்கு முதன்மையானது. களவுக்கு முன் பிறப்பது சமாதானம். “மாதச் சம்பளம் வந்ததும் வைத்துவிடலாம்”, “இவ்வளவு பெரிய கடையில் இது ஒரு நட்டமா”, “எல்லாரும் செய்வதுதானே” என்னும் சொற்கள் உள்ளத்தில் எழும்போதே வினை வரவுக்கு வாயில் திறந்துவிட்டது. வினையின் காலத்தையும் வன்மையையும் நிறுவுவது கஷாயம் என்பது நம் கரும நூல்களின் முடிபு. ஐந்து ரூபாயாயினும் ஐயாயிரமாயினும், உலோபம் எத்துணை ஆழ வேரூன்றியது என்பதற்கேற்பவே கட்டு இறுகும். அன்றியும், முதல் நாள் எடுத்தவனுக்கு இருந்த நடுக்கம் பத்தாம் நாள் எடுப்பவனுக்கு இருப்பதில்லை. அந்நடுக்கம் போனதே பெரும் இழப்பு.

குறைந்த கூலி என்னும் வாதம்

இனி, எளிதில் தள்ள முடியாத வாதம் ஒன்றுண்டு. “முதலாளி பேசிய கூலியைத் தரவில்லை, பன்னிரண்டு மணி நேரம் வேலை வாங்கி எட்டு மணி நேரத்துக்குக் கொடுக்கிறான். எனக்கு உரியதையே நான் எடுத்துக்கொண்டேன். இது எப்படிக் களவாகும்?” என்று சிப்பந்தி கேட்டால், நாம் யாது விடை கூறுவோம்?

முதலாளி செய்தது அநீதி என்பதை முதற்கண் ஒப்புக்கொள்ளவே வேண்டும். அதனை மறைத்துத் தொழிலாளிக்கு மட்டும் அறம் உரைப்பது நடுநிலைமை ஆகாது. ஆயினும் அவன் எடுத்தது களவே என்பதற்கு மூன்று காரணங்கள் கூறலாம். உரிமை என்பது வெளிப்படக் கேட்கத்தக்கது. மறைவில் எடுப்பவன் தன் உரிமையைத் தானே நம்பவில்லை. அடுத்து, தனக்குச் சேரவேண்டியது எவ்வளவு என்பதை அவனே முடிவு செய்கிறான். உலோபம் கணக்கெழுதும்போது அக்கணக்கு ஒருநாளும் தீர்வதில்லை. மூன்றாவதாக, இருப்புக் குறைந்தால் ஐயம் அவன்மீது மட்டும் விழுவதில்லை. உடன் நிற்கும் ஏழைப் பையன்மீதும் விழுகிறது. முதலாளியைத் தண்டிப்பதாக எண்ணி அவன் தன் தோழனைத் தண்டிக்கிறான்.

வாணிகக் கணக்கில் பற்றும் வரவும் ஒன்றையொன்று கழித்துக்கொள்ளும். வினைக் கணக்கு அவ்வாறன்று. முதலாளி கூலி மறுத்த பாவம் அவனுடைய ஏட்டில் நிற்கும். சிப்பந்தி மறைந்து எடுத்த பாவம் இவனுடைய ஏட்டில் நிற்கும். அவற்றை ஒன்றாகக் கூட்டிக் கழிக்கும் கணக்குப்பிள்ளை எவருமில்லை. கூலிக்கு வழக்காடலாம், தொழிலாளர் துறையில் முறையிடலாம், வேலையை விட்டு நீங்கலாம். இவை கடினமான வழிகள் என்பதை நாம் அறிவோம். எனினும் உயிரை மாசுபடுத்தாத வழிகள் இவையே.

கடை உடையான் நோற்கும் விரதம்

கள்ளாமை அணுவிரதத்தின் அதிசாரங்கள் ஐந்தையும் எண்ணிப் பார்ப்போம். களவுக்குத் தூண்டுதல், களவுப் பொருளை வாங்குதல், அரச நீதியை மீறுதல், அளவிலும் நிறையிலும் குறைத்தும் மிகுத்தும் செய்தல், போலியைக் கலந்து விற்றல். இவற்றுள் பெரும்பாலானவை யாருக்குச் சொல்லப்பட்டவை? கூலிக்கு நிற்கும் சிறுவனுக்கா? அன்று, தராசையும் சரக்கையும் உடையவனுக்கே அவை முதலில் பொருந்தும். கள்ளாமையைக் கடைக்காரன் தன் சிப்பந்தியிடம் தேடுவதற்கு முன், தன் தராசில் தேடவேண்டும் என்பது நூலாசிரியர் உள்ளம் போலும்.

ஒரு மளிகைக் கடையைக் கருதுவோம். புதிதாக வந்த பையனுக்கு முதலாளி எடைத்தட்டில் விரல் வைக்கக் கற்றுக்கொடுக்கிறார். பழைய பருப்பைப் புதிய பருப்போடு கலக்கச் சொல்கிறார். கேட்பவர்க்கு மட்டும் பில் கொடு என்கிறார். ஆறு திங்கள் கழித்துக் கல்லாவில் பணம் குறைகிறது. பையன் கற்றது என்ன? கண்காணாவிடத்துப் பிறன் பொருள் தன் பொருள் என்பதையே கற்றான். வாங்குவோரிடம் காட்டப் பயின்ற வித்தையைத் தன் ஆசானிடமே காட்டினான். களவுக்குத் தூண்டுதல் என்னும் முதல் அதிசாரம் இதுவன்றோ?

கொல்லாமை விரதத்தின் அதிசாரங்களுள் அளவிறந்த பாரம் ஏற்றுதலும், உணவும் நீரும் தடுத்தலும் கூறப்பட்டுள்ளன. வண்டிமாட்டை எண்ணி இவற்றைப் படித்துவிட்டு அகல்கிறோம். பகல் முழுதும் துணிக்கடையில் நின்றே காலம் கழிக்கும் பெண்ணுக்கும், கூட்டம் குறையும்வரை உண்ணச் செல்ல விடப்படாத பையனுக்கும் இவை பொருந்தாவா? கடைப்பணியாளர் அமர இருக்கை தரவேண்டும் என்று கேரளம் 2018ஆம் ஆண்டிலும் தமிழ்நாடு 2021ஆம் ஆண்டிலும் சட்டத்தைத் திருத்த நேர்ந்தது. ஒரு நாற்காலிக்குச் சட்டம் வேண்டியிருந்தது என்பது வணிகர் உலகம் நாணவேண்டிய செய்தி.

ஐயத்தினால் விளையும் கொலை

களவைத் தடுக்க வேண்டியதே. இருப்பை நாள்தோறும் சரிபார்த்தல், பணம் வாங்குவோரையும் கணக்கு எழுதுவோரையும் வேறாக வைத்தல், ஒவ்வொரு விற்பனைக்கும் பில் இடல் ஆகியவை யாரையும் இழிவுபடுத்தாத காவல்கள். மெலிந்த மனத்தை வாய்ப்பினின்று காப்பதும் ஒருவகை அருளே. ஆனால் காவல் வேறு, ஐயம் வேறு. ஆராயாத ஐயம் களவினும் கொடிது.

இதற்குச் சிலப்பதிகாரத்தினும் சிறந்த சான்று வேண்டுவதில்லை. கோப்பெருந்தேவியின் சிலம்பைக் கவர்ந்தவன் அரண்மனைப் பணியிலிருந்த பொற்கொல்லன். தன் களவை மறைக்க அவன் கோவலனைக் காட்டினான். பாண்டியன் ஒருமுறை அழைத்து வினவியிருந்தால், பரலின் வேறுபாடு அன்றே வெளிப்பட்டிருக்கும். ஆராயாது இட்ட ஆணையால் கோவலன் மாண்டான். உண்மை தெரிந்தபோது அரசனும் மாண்டான். செய்தி கேட்ட கவுந்தியடிகள் உண்ணாநோன்பேற்று உயிர் நீத்தார். உள்ளிருந்த ஒருவன் செய்த களவும், அவையிலிருந்த ஒருவன் செய்த அவசரமும் சேர்ந்தே மதுரையை எரித்தன.

இது பழங்கதை என்று தள்ளுவதற்கில்லை. இங்கிலாந்தில் அஞ்சலகக் கிளைகள் பலவற்றைச் சிறு கடைக்காரர்களே நடத்துகின்றனர். 1999ஆம் ஆண்டில் அங்கு ‘ஹொரைசன்’ என்னும் கணினிக் கணக்கு முறை புகுத்தப்பட்டது. அதன் பிழையால் இல்லாத பற்றாக்குறைகள் கணக்கில் தோன்றின. இயந்திரம் பிழை செய்யாது என்று நம்பியவர்கள், மனிதர்களைக் கள்வர் என்றனர். 2015ஆம் ஆண்டுவரை தொள்ளாயிரத்துக்கும் மேற்பட்டோர் குற்றவாளிகளாகத் தீர்ப்பளிக்கப்பட்டனர். சிலர் சிறை சென்றனர்; பலர் வீட்டை விற்று இல்லாத கடனை அடைத்தனர்; தம் உயிரை மாய்த்துக்கொண்டோரும் உண்டு. 2019ஆம் ஆண்டில் நீதிமன்றம் அம்முறையின் குறையை வெளிப்படுத்தியது. 2024ஆம் ஆண்டில் பாராளுமன்றமே தனிச்சட்டம் இயற்றி அத்தீர்ப்புகளை நீக்கியது. பொற்கொல்லன் இருந்த இடத்தில் கணினி இருந்தது, அவ்வளவே வேறுபாடு.

நம் கடைகளில் இருப்புக் குறைந்தால், நிற்கும் அனைவர் சம்பளத்திலும் பங்கிட்டுப் பிடிக்கும் வழக்கம் சிலரிடம் உள்ளது. இழப்பு ஒருவனுடைய கவனக்குறைவாலோ தவற்றாலோ நேர்ந்ததாயின் மட்டுமே, அதுவும் அவன் விளக்கம் கூற வாய்ப்பளித்த பின்னரே, இழப்பின் அளவுக்கு மேற்படாமல் பிடிக்கலாம் என்று 1936ஆம் ஆண்டின் ஊதியம் வழங்கல் சட்டம் வகுத்தது. 2019ஆம் ஆண்டின் ஊதியச் சட்டத் தொகுப்பும் அந்நெறியை ஏற்றுள்ளது. குற்றமற்றவன் கூலியில் பிடிப்பதும் கொடாததைக் கொள்ளலே.

கண்டபின் செய்யத்தக்கது

களவு உண்மையென்று தெளிந்தபின் முதலாளி யாது செய்வது? நற்காட்சியின் எட்டு உறுப்புகளுள் உபகூகனம், ஸ்திதிகரணம் என இரண்டுண்டு. பிறர் குற்றத்தைப் பறைசாற்றாமை ஒன்று. வழுவினாரை நெறியில் நிறுத்துதல் மற்றொன்று. முன்னதற்கு எடுத்துக்காட்டாகச் சொல்லப்படுபவன் ஒரு வணிகனே. ஜினேந்திரபக்தன் என்னும் அவ்வணிகன், நோன்பி வேடத்தில் வந்த ஒருவனை நம்பித் தன் இல்லத்துச் சினாலயத்தைக் காக்க விடுத்தான். அவனோ இறைவன் குடையிலிருந்த மணியைக் கவர்ந்து ஓடினான். காவலர் துரத்த, அகப்பட்ட அவனைக் கண்ட வணிகன், “என் சொற்படியே இவர் மணியைக் கொணர்ந்தார்” என்று கூறிக் காவலரை விலக்கினான். ஒரு பொய் நோன்பியால் மெய்ந்நோன்பிகள் பழிக்கப்படலாகாது என்பது அவன் எண்ணம். பின்னர்த் தனிமையில் அவனைக் கண்டித்து அனுப்பிவிட்டான்.

இக்கதையின் முடிவை நாம் கூர்ந்து நோக்கவேண்டும். வணிகன் கள்வனை ஊரறிய இழிவுபடுத்தவில்லை. ஆயின் அவனிடமே மணியை மீண்டும் ஒப்படைக்கவும் இல்லை. பொறுத்தல் என்பது கல்லாச் சாவியைத் திருப்பிக் கொடுப்பதன்று. முதன்முறை வழுவியவனைத் தனியே அழைத்து, அவன் சொல்வதைக் கேட்டு, எடுத்ததைத் தவணையிலேனும் திருப்பச் செய்து, பணம் புழங்காத வேறு வேலையில் அமர்த்தலாம். மருத்துவச் செலவோ கந்துவட்டியோ காரணமாயின் அதனையும் ஆராயலாம். ஐயாயிரம் ரூபாய்க்குக் குறைந்த பொதுவான களவில் முதன்முறை அகப்பட்டு, பொருளைத் திருப்பிக் கொடுப்பவனுக்குச் சிறைக்கு மாறாகச் சமூகப்பணியையே புதிய சட்டமும் விதித்துள்ளது. சட்டமே திருந்த இடம் தரும்போது சிராவகன் தரலாகாதா?

ஒன்று மட்டும் மறைக்கத்தக்கதன்று. ஒருவன் செய்த களவுக்கு மற்றொருவன் பழி சுமந்திருப்பின், உண்மையை அனைவர் முன்னும் கூறி அவன் பெயரை மீட்டளிக்க வேண்டும். வழுவியவன் மானத்தைக் காப்பதற்காக வழுவாதவன் மானத்தைப் பலியிடுவது உபகூகனம் ஆகாது.

ஆகவே, கடையில் நிற்கும் நம் பிள்ளைகளுக்கு நாம் கூறுவது இது: கொடுத்ததை மட்டும் கொள்க, கொடாததை எவர்க்கும் கொடாதிருக்க. கடையை உடைய நம்மவர்க்குக் கூறுவது இது: பேசிய கூலியைப் பேசிய நாளில் தருக; தராசில் விரல் வையாதிருக்க; ஆராயாமல் ஒருவரையும் கள்வர் என்னாதிருக்க. இவ்விருவரும் தத்தம் விரதத்தைக் காப்பாராயின் கல்லாப்பெட்டிக்கு வேறு காவல் மிகுதியும் வேண்டுவதில்லை.

அறம் வளர்க!