கடலுக்குத் தீர்க்க வேண்டிய கடன்

மெக்சிகோவின் கான்கூன் கடலடியில் 2009இல் தொடங்கப்பட்ட அருங்காட்சியகத்தில் ஏறத்தாழ 500 சிமெண்டுச் சிற்பங்கள் நிற்கின்றன. மனித உருவங்களே மிகுதி. மூழ்கிப் பார்க்க வரும் கூட்டத்தை இயற்கைப் பவளப்பாறைகளிலிருந்து விலக்குவதும், பவளப்பூச்சிகள் பற்றி வளரத் தளம் தருவதும் அதன் நோக்கம். 2020இல் இலங்கைக் கடற்படையும் காலியிலும் திருகோணமலையிலும் இவ்வாறு அமைத்தது.

"உயிருள்ளவற்றின் உருவம் சமைப்பதை மார்க்கம் ஏற்காதே, ஹஜ்ரத்?" என்றார் ஒரு மாணவர். நியாயமான வினா. விடை நம் கரையிலேயே உண்டு. மன்னார் வளைகுடாவில் சுண்ணாம்புக்காகவும் கட்டடங்களுக்காகவும் பவளப்பாறைகளை வெட்டினோம். அலையைத் தடுத்த அரண் சிதைந்தது. 21 தீவுகளில் இரண்டு நீரில் மறைந்தன. தூத்துக்குடிக்கருகே வான் தீவும் கரைந்து வந்தது. 2015 முதல் அதன் முன்னே செயற்கைப் பாறைகள் இறக்கப்பட்டன. அவற்றுக்கு முகமில்லை, துளைகளிட்ட சிமெண்டுக் கட்டுமானங்களே. அலை தணிகிறது, மீன் குடியேறுகிறது. உயிர்களைக் காக்க உருவம் தேவையில்லை என்பது தெளிவு.

என் உள்ளத்தை உறுத்துவது வேறு. பிறர் உடைமையைப் பறித்தவனின் தவ்பா, அதைத் திருப்பிக் கொடுக்காமல் நிறைவேறாது என்று ஓதிக் கொடுக்கிறோம். கடல்வாழ் உயிர்களுக்கு அந்த ஹக்கு இல்லையா? சிமெண்டை இறக்கியதும் கணக்குத் தீர்ந்துவிடாது. பவளம் மெல்லவே வளரும். கடல் சூடேறினால் வெளுத்து மடியும். நாம் வைப்பது கல். அதில் உயிரை வளர்ப்பவன் இறைவன்.

குமராட்சியில் இருக்கும் நமக்கு இதில் என்ன பங்கு எனலாகாது. கொள்ளிடத்தில் நாம் எறிவதெல்லாம் கடலையே சேர்கிறது. திருப்பிக் கொடுப்பதற்கு முன், தீங்கை நிறுத்துவதே தவ்பாவின் முதற்படி.