கடந்ததைத் திருத்தலாமா?

‘அந்த ஒரு நாள் மட்டும் மீண்டும் வாய்த்தால்!’ என்று ஒரு முறையேனும் ஏங்காத மனிதரைக் காண்பது அரிது. சொல்லத் தகாத சொல்லைச் சொல்லிவிட்ட நாள், காத்திருக்கக்கூடிய உயிரைக் காவாது விட்ட நாள் என ஒவ்வொருவர் நெஞ்சிலும் ஒரு நாள் முள்ளாய்த் தைத்துக் கிடக்கின்றது. ஏக்கம் இயல்பானதே. ஆயினும், காலத்தைப் பின்னோக்கிச் செலுத்தும் ஆற்றல் ஒருவர் கைக்கு உண்மையாகவே வந்துவிடின், அதனைக் கொண்டு நடந்ததை மாற்றுவது அறமாகுமா? கருவி இயலுமா என்பது அறிவியலின் வினா. அதனைப் பயன்படுத்தலாமா என்பது அறவியலின் வினா.

நடைமுறை வாழ்வில் எழ இயலாத இத்தகைய வினாக்களைச் சோதித்துப் பார்க்கக் கற்பனை உலகங்கள் உதவுகின்றன. பிரிட்டிஷ் எழுத்தாளர் ஜே. கே. ரௌலிங் படைத்த ஹாரி பாட்டர் கதைகளின் மந்திர உலகம் அவற்றுள் ஒன்று. 1997 முதல் 2007 வரை ஏழு புதினங்களாக வெளிவந்த அக்கதைகளை மாணவர் பலர் அறிவர். அவ்வுலகில் வழங்கும் ஆபத்தான கருவிகளுள் ‘காலத்திருப்பி’ என்று பெயர் சொல்லத்தக்க ஒன்று உண்டு.

1999இல் வெளிவந்த மூன்றாம் புதினத்தில் அக்கருவி முதன்முதலாகத் தோன்றுகிறது. பொற்சங்கிலியில் கோத்த சிறு மணற்கடிகை அது. ஒரு முறை சுழற்றினால் ஒரு மணி நேரம் பின்னே செல்லலாம். அது யார் கைக்குப் போய்ச் சேர்கிறது என்பதை ஆசிரியர்கள் கருதுதல் வேண்டும். எல்லாப் பாடங்களையும் படித்துவிடத் துடிக்கும் ஹெர்மயனி என்னும் மாணவிக்கு, ஒரே வேளையில் நடக்கும் வகுப்புகள் பலவற்றில் அமர்வதற்காக அது வழங்கப்படுகிறது. ஓராண்டுக்குள் அவள் சோர்ந்து, கருவியைத் திருப்பித் தந்துவிடுகிறாள். காலத்தில் குறுக்கிட்டோர் சிலர் தம் முன்னை உருவையோ பின்னை உருவையோ அடையாளம் காணாது கொன்றுவிட்டனர் என்ற எச்சரிக்கையும் அங்கே கூறப்படுகிறது. அக்கருவியால் குற்றமற்ற ஒருவர் காப்பாற்றப்படுவதும் உண்மையே. ஆனால், அங்கே நடந்தது எதுவும் மாறவில்லை. நடந்தது இன்னதென்று முன்னர் அறியாதிருந்தது பின்னர் விளங்குகிறது, அவ்வளவே.

நடந்ததையே மாற்றப் புகுந்தால் என்னவாகும்? 2016ஆம் ஆண்டு இலண்டனில் அரங்கேறிய ‘ஹாரி பாட்டரும் சபிக்கப்பட்ட குழந்தையும்’ என்னும் நாடகம் இவ்வினாவை முன்வைக்கிறது. ரௌலிங், ஜான் டிஃபனி, ஜேக் தோர்ன் ஆகிய மூவரும் அமைத்த கதைக்கு, ஜேக் தோர்ன் நாடக வடிவம் தந்தார். 1995இல் செட்ரிக் என்னும் இளைஞன் குற்றமேதுமின்றிக் கொல்லப்பட்டான். அவனை மீட்டுத் தருமாறு முதுமையுற்ற தந்தை ஏமஸ் மன்றாடுகிறார். ஹாரி மறுக்கிறான். அதனை மறைந்திருந்து கேட்ட ஹாரியின் மகன் ஆல்பஸ் மனம் பொறாது, தன் தோழன் ஸ்கார்ப்பியசுடன் கடந்த காலத்துள் புகுகிறான். இருவர் நோக்கமும் தூயது. எனினும், அம்முதியவரின் துயரத்தை வேறொருத்தி தன் தீய நோக்கத்திற்குக் கருவியாக்கியிருந்தாள் என்பது பின்னரே தெரிகிறது.

முதல் முயற்சியில் செட்ரிக் மீளவில்லை. மாறாக, ரானும் ஹெர்மயனியும் மணம் புரியாத உலகம் உருவாகிறது. அவர்தம் மகள் ரோஸ் அங்கே பிறக்கவே இல்லை. இரண்டாம் முயற்சியில் செட்ரிக் உயிர் பிழைக்கிறான்; ஆனால், போட்டியில் பலர்முன் இழிவுபடுத்தப்பட்டமையால் உளம் கசந்து கொடியோருடன் சேர்ந்து ஓர் உயிரையும் பறிக்கிறான். அதன் விளைவாய் ஹாரி மடிகிறான். கொடுங்கோலன் வோல்டமார்ட் ஆள்கிறான். ஆல்பஸ் இல்லாமலே போகிறான்.

இங்கே ஒரு மறுப்பு எழலாம். ‘நீரில் மூழ்கும் குழந்தையைக் கண்டவன் குதித்துக் காப்பதே அறம். அக்குழந்தை இன்று மூழ்கினால் என்ன, இருபது ஆண்டுகளுக்கு முன் மூழ்கினால் என்ன? கருவி கையிலிருந்தும் வாளாவிருத்தல் கொலைக்கு உடந்தையாகாதோ?’ இம்மறுப்பு வலிமையுடையது, எளிதில் ஒதுக்கத்தக்கதன்று.

ஆயினும், இரண்டிற்கும் வேறுபாடு உண்டு. இன்று நீரில் குதிப்பவன் தன் உயிரைப் பணயம் வைக்கிறான். கடந்ததைத் திருத்தப் புகுபவனோ பிறர் உயிரைப் பணயம் வைக்கிறான். அந்தத் துயர நாளுக்குப் பின் பிறந்தோர், மணந்தோர், மனம் திருந்தியோர் அனைவரும் அந்நாளின் மீதே தம் வாழ்வைக் கட்டியுள்ளனர். அவர்களுள் எவரிடமும் அவன் இசைவு கேட்பதில்லை. கொலையுண்டவனுக்கு ஒரு கல்லறையேனும் உண்டு. அழுவதற்கு ஒரு தந்தையேனும் உண்டு. பிறவாமற் செய்யப்பட்ட ரோசுக்கு அவைகூட இல்லை. முறையிட ஆளே எஞ்சாத தீங்கினும் கொடிய தீங்கு வேறு யாது?

நாடகத்தின் இறுதியில் இவ்வறம் கடுஞ்சோதனைக்கு உள்ளாகிறது. ஹாரி தன் பெற்றோர் கொல்லப்பட்ட 1981ஆம் ஆண்டின் இரவுக்கே வந்து சேர்கிறான். தடுக்கும் ஆற்றல் அவனுக்கு உண்டு. தடுத்தால் அதன்பின் விளைந்த அனைத்தும் மாறிவிடும். மனைவியும் மகனும் நண்பரும் அருகே நிற்க, அவன் அக்கொடுமையைக் கண்ணுற்றுக் கலங்கி நிற்கிறான். அது கல்நெஞ்சன் செயலன்று. தன் ஒருவன் துயர் தீரப் பிறர் வாழ்வை விலையாகத் தர மறுத்த செயல்.

அவ்வாறாயின், ‘போனது போகட்டும்’ என்று கைகழுவிவிடலாமோ? அதுவும் அறமாகாது. அதே ஹாரி, செட்ரிக்கின் கல்லறைக்குத் தான் அடிக்கடி வருவதை இறுதிக் காட்சியில் தன் மகனிடம் கூறுகிறான். நடந்ததை மாற்றும் உரிமை இல்லை. ஆனால், நடந்ததற்குப் பொறுப்பேற்கும் கடமை உண்டு. பின்னர் வருந்தத்தக்க செயலைச் செய்யற்க என்றும், செய்துவிடின் மீண்டும் அத்தகையது செய்யாதிருத்தல் நன்று என்றும் வள்ளுவர் ‘வினைத்தூய்மை’ அதிகாரத்தில் உரைப்பது இக்கருத்தே. அவர் பரிகாரத்தைக் கடந்த காலத்தில் தேடவில்லை, வருங்காலத்தில் வைத்தார். பாண்டியன் நெடுஞ்செழியனும் கோவலனுக்குத் தான் வழங்கிய தீர்ப்பை மீட்க இயலாதவன்தான். ஆயினும், அப்பிழை தன்னுடையதன்று என்று அவன் தட்டிக் கழிக்கவில்லை. அதனாலேயே இன்றும் மதிக்கப்படுகிறான்.

பள்ளி வாழ்விலும் இவ்வுண்மை பொருந்தும். செய்யாத தவற்றுக்காக ஒரு மாணவனை வகுப்பார்முன் கடிந்த ஆசிரியருக்கு அந்த நாழிகையை அழிக்கும் மணற்கடிகை கிடைக்கப் போவதில்லை. ஆனால், மறுநாள் அதே வகுப்பார்முன் ‘பிழை என்னுடையது’ என்று கூற அவருக்கு நா உண்டு. அந்தச் சொல் முதல் நாளின் அவமானத்தை அழித்துவிடாது. அம்மாணவன் அதனை நினைவுகூரும் முறையை மாற்றும். அவன் நெஞ்சில் கசப்பு முற்றிச் செட்ரிக்கைப் போல் திரிந்துவிடாமல் காக்கும்.

மனிதனுக்கு வாய்த்த காலம் ஒருவழிப் பாதை. ஒவ்வொரு சொல்லுக்கும் செயலுக்கும் எடை தருவது அதுவே. எதனையும் அழித்து எழுதலாம் என்றால் எவரும் எண்ணி எழுதார். கடந்த நாளைத் திருத்தும் கருவிக்காக ஏங்குவோர், நாளை என்னும் நாள் இன்னும் எழுதப்படாமல் தம் கையில் இருப்பதை மறவாதிருத்தல் வேண்டும்.